நிலத் தகராறும் போலீசாரின் எல்லையும்



ஒரு துண்டு நிலம். அதில் ஒருவர் நெடுங்காலமாகக் குடியிருந்து வருகிறார். ஒரு நாள் காலையில் மற்றொருவர் ஆட்களோடு வந்து, "கிராண்டு என் பெயரில் இருக்கிறது, வீட்டைக் காலி செய்" என்கிறார். பேச்சு முற்றுகிறது. இருவரில் ஒருவர் காவல் நிலையத்திற்கு ஓடுகிறார். சற்று நேரத்திற்கெல்லாம் சீருடை அணிந்த ஒருவர் வாசலில் வந்து நிற்கிறார். நிலம் யாருக்குச் சொந்தம் என்று அவர் தீர்ப்புச் சொல்லலாமா? கிராண்டு வைத்திருப்பவரின் பக்கம் நின்று குடியிருப்பவரை வெளியேற்றலாமா? கூடாது என்பதே சட்டம் தரும் விடை. இந்த ஒரு சொல் விடைக்குப் பின்னால் அறுநூறு ஆண்டுகளுக்கு மேற்பட்ட வரலாறு உண்டு. அதில் சில கட்டங்களை இன்று நாம் காண்போம்.

தடி எடுத்தவன் எல்லாம் தண்டல்காரன் என்று நம் முன்னோர்கள் சொல்வதுண்டு. 14-ஆம் நூற்றாண்டு இங்கிலாந்தின் நிலையும் அதுதான். நிலத்தின் மீது உரிமை கொண்டாடிய பிரபு, வழக்கு மன்றத்துக்குப் போவதைவிட ஐம்பது ஆட்களைத் திரட்டிக்கொண்டு போவதையே விரைவான வழியாகக் கருதினார். 1381-ஆம் ஆண்டில் அந்நாட்டில் பெரும் குடியானவர் கிளர்ச்சி ஒன்று மூண்டது. அது அடக்கப்பட்ட பின், அதே ஆண்டில் ஒரு சட்டம் இயற்றப்பட்டது. நிலத்துக்குள் நுழையும் உரிமை ஒருவருக்கு இருந்தாலும், அவர் அமைதியான முறையில்தான் நுழைய வேண்டும். பலங்கொண்டோ கூட்டங்கூட்டிக்கொண்டோ நுழையக் கூடாது என்று அச்சட்டம் கூறியது.

"உரிமை இருந்தாலும்" என்ற சொற்களை நாம் கவனிக்க வேண்டும். உரிமை இல்லாதவன் அடித்து நுழைவது தவறு என்பது எவருக்கும் தெரிந்த செய்தி. உண்மையான சொந்தக்காரனே ஆனாலும் அடித்து நுழையக் கூடாது என்பதுதான் புதுமை. 1429-இல் வந்த மற்றொரு சட்டம், இப்படி வெளியே தள்ளப்பட்டவரை மீண்டும் நிலத்தில் அமர்த்தும் அதிகாரத்தை அமைதி நீதிபதிகளுக்குக் கொடுத்தது. இந்த அமைதி நீதிபதிகளின் வழித்தோன்றல்தான் நம் மாஜிஸ்திரேட்டுகள். நிலம் யாருடையது என்று அவர்கள் ஆராய்வதில்லை. யார் இருந்தார், யார் தள்ளினார் என்பதே கேள்வி. இவ்வாறு சுவாதீனம் வேறு, சொந்தம் வேறு என்ற பிரிவினை சட்டத்தில் வேரூன்றியது. ஒரு பொருளைக் கையில் வைத்திருப்பது சுவாதீனம். அதன் மேல் உள்ள உரிமை சொந்தம். முன்னதை மாஜிஸ்திரேட் பார்ப்பார்; பின்னதைச் சிவில் நீதிமன்றம் பார்க்கும். நம் உரை முழுவதற்கும் இந்தப் பிரிவினையே அச்சாணி.

இனி 1604-ஆம் ஆண்டுக்கு வருவோம். இலண்டன் மாநகரில் பிளாக்ஃபிரையர்ஸ் என்னும் பகுதியில் ஒரு வீடு. அதை கிரெஷாம், பெரிஸ்ஃபோர்டு என்ற இருவர் கூட்டாக வைத்திருந்தனர். பெரிஸ்ஃபோர்டு, செமெய்ன் என்பவருக்குக் கடன்பட்ட நிலையில் இறந்து போனார். இறந்தவரின் பொருள்கள் அவ்வீட்டினுள் இருந்தன. செமெய்ன் நீதிமன்றத்தில் கட்டளை பெற்றார். அதை நிறைவேற்ற நகர ஷெரீபுகள் வந்தபோது கிரெஷாம் தெருக்கதவைச் சாத்திவிட்டார். அதிகாரிகள் திரும்பிப் போக நேர்ந்தது. கடன் கொடுத்தவருக்குக் கோபம் வராமல் இருக்குமா? கதவைச் சாத்தியவர் மீதே வழக்குத் தொடுத்தார்.

மன்னர் நீதிமன்றம் அந்த வழக்கைத் தள்ளியது. ஒவ்வொருவருக்கும் அவரவர் வீடே கோட்டை என்ற கொள்கை அத்தீர்ப்பினால்தான் உலகெங்கும் பரவியது. அப்போது அரசின் தலைமை வழக்கறிஞராக இருந்த எட்வர்டு கோக் இவ்வழக்கைத் தம் தொகுப்பில் எழுதி வைத்தார். ஆனால் பலர் கோட்டை என்ற சொல்லை மட்டும் நினைவில் வைத்துக்கொண்டு மற்றதை மறந்துவிடுகிறார்கள். நீதிமன்றம் நுட்பமான ஒரு கோடு போட்டது. மன்னரே ஒரு கட்சியாக இருக்கும் வழக்கில், அதாவது குற்ற விவகாரங்களில், அதிகாரி தாம் வந்த காரணத்தைச் சொல்லிக் கதவைத் திறக்கும்படி கேட்ட பிறகு, திறக்காவிட்டால் உடைத்து நுழையலாம். ஆனால் ஒரு தனி மனிதனுக்கும் இன்னொரு தனி மனிதனுக்கும் இடையே உள்ள கடன், சொத்து வழக்கு என்றால், நீதிமன்றக் கட்டளையே கையில் இருந்தாலும், வெளிக்கதவை உடைக்கக் கூடாது. கதவு திறந்திருந்தால் நுழையலாம். பிறருடைய பொருளை ஏமாற்றும் எண்ணத்தோடு ஒளித்து வைப்பதற்கு மட்டும் வீடு கோட்டை ஆகாது என்றும் நீதிபதிகள் சேர்த்துச் சொன்னார்கள். இரண்டு குடிமக்களின் தகராறில் அரசு தன் தோள் வலிமையை ஒருவருக்கு இரவல் கொடுக்கலாகாது என்பதே இதன் உட்பொருள்.

அரசாங்கமே குடிமகனின் வீட்டுக்குள் புகுந்த வழக்கும் ஒன்று உண்டு. 1762-இல் ஜான் என்டிக் என்னும் எழுத்தாளரின் வீட்டில் மன்னரின் தூதர்கள் நுழைந்து நான்கு மணி நேரம் தாள்களைக் கிளறினர். சட்டத்தில் இடமில்லாத அதிகாரம் அமைச்சரின் கையெழுத்தினால் வந்துவிடாது என்று 1765-இல் கேம்டன் பிரபு தீர்ப்பளித்தார். அது தனியார் சொத்துத் தகராறு அன்று. ஆகவே அதைக் குறிப்பிட்டுவிட்டு மேலே செல்கிறோம்.

இந்தக் கொள்கைகளெல்லாம் கப்பலேறிக் கிழக்கே வந்தபோது என்ன ஆயின? சென்னை மாகாணத்தில் 1816-ஆம் ஆண்டின் ஒழுங்குமுறைகள் கலெக்டரையே மாஜிஸ்திரேட்டாகவும், தாசில்தாரையே போலீஸ் தலைவராகவும் ஆக்கின. நிலத் தீர்வையை வசூல் செய்பவரே பிடித்து அடைக்கும் அதிகாரமும் உடையவர். தண்டல்காரன் கையிலேயே தடி இருந்தது! குடியானவன் தன் வயலைப் பற்றி யாரிடம் முறையிடுவான்? முறையிட வேண்டிய வாசலும், பயந்து ஒளிய வேண்டிய வாசலும் ஒன்றாகவே இருந்தன.

இதன் விளைவு 1855-இல் வெளிச்சத்துக்கு வந்தது. பிரிட்டிஷ் பாராளுமன்றத்தில் எழுந்த கேள்விகளை அடுத்துச் சென்னையில் ஒரு விசாரணைக் குழு அமைக்கப்பட்டது. சித்திரவதை விசாரணைக் குழு என்றே வரலாறு அதைக் குறிக்கிறது. அதன் உறுப்பினர் மூவரில் ஒருவரான ஜான் புரூஸ் நார்ட்டன் என்ற வழக்கறிஞர் கும்பினி ஆட்சியைக் கடுமையாகக் கண்டித்து எழுதி வந்தவர். தீர்வை பாக்கிக்காகக் கிட்டியில் விரல்களை நெரித்ததையும், உச்சி வெயிலில் உடம்பை வளைத்துக் கட்டி நிறுத்தியதையும் மக்கள் வந்து வாக்குமூலமாகச் சொன்னார்கள். தீர்வைத் துறையும் போலீசும் ஒரே கையில் இருந்ததை அக்குழு சுட்டிக் காட்டியது. 1859-இல் சென்னை மாகாணத்துக்கெனத் தனிப் போலீஸ் சட்டம் வந்து, தீர்வை வசூலிலிருந்து போலீஸ் பிரிக்கப்பட்டது. 1861-இல் வந்த இந்தியப் போலீஸ் சட்டத்துக்கு அதுவே முன்மாதிரியாக அமைந்தது.

வங்காளத்திலோ சிக்கல் வேறு உருவில் இருந்தது. ஜமீன்தார்களும் அவுரித் தோட்டக்காரர்களும் தடியர் கூட்டத்தைச் சம்பளத்துக்கு வைத்திருந்தார்கள். எல்லைத் தகராறு என்றால் மண்டைகள் உடையும். இதைத் தடுப்பதற்காகவே 1840-ஆம் ஆண்டின் நான்காம் சட்டம் பிறந்தது. ஏழைக் குடியானவன் மீது கொண்ட இரக்கத்தால் கும்பினியார் இதைச் செய்தார்கள் என்று நாம் எண்ண வேண்டியதில்லை. கலகம் நடக்கும் ஊரில் தீர்வை ஒழுங்காக வராது என்ற கணக்கே முன்னின்றிருக்கும் என்று நமக்குத் தோன்றுகிறது. எப்படியிருந்தாலும், விளைந்த சட்டம் நல்ல சட்டம். 1861-இல் வந்த முதலாவது குற்றவியல் நடைமுறைத் தொகுப்பில் அது இடம்பெற்றது. 1882, 1898 தொகுப்புகளில் 145-ஆம் பிரிவு என்ற பெயரோடு நிலைத்தது. சுதந்திர இந்தியாவின் 1973-ஆம் ஆண்டுத் தொகுப்பும் அந்த எண்ணை மாற்றவில்லை.

அப்பிரிவின் அமைப்பைச் சற்றுப் பொறுமையாகப் பார்ப்போம். ஒரு நிலத் தகராறினால் அமைதி குலையும் என்று போலீசார் மாஜிஸ்திரேட்டுக்கு அறிக்கை அனுப்புகிறார்கள். அதோடு அவர்கள் வேலை முடிந்தது. மாஜிஸ்திரேட் இரு கட்சியாரையும் அழைத்து எழுத்து மூலம் வாக்குமூலம் பெறுகிறார். உத்தரவு பிறப்பித்த நாளில் யார் சுவாதீனத்தில் இருந்தார் என்பதை மட்டும் விசாரிக்கிறார். அதற்கு முந்திய இரண்டு மாதங்களுக்குள் ஒருவர் பலவந்தமாக வெளியே தள்ளப்பட்டிருந்தால், அவரே சுவாதீனத்தில் இருந்ததாகக் கொள்ளலாம். ஆகவே, முந்தின இரவில் வேலியைப் பிடுங்கிவிட்டுக் காலையில் "நான்தான் உள்ளே இருக்கிறேன்" என்று சொல்லும் தந்திரம் பலிக்காது. சிவில் நீதிமன்றம் முறைப்படி வெளியேற்றும் வரை அவர் இருக்கலாம், அதுவரை யாரும் தொந்தரவு செய்யக் கூடாது என்று மாஜிஸ்திரேட் உத்தரவிடுகிறார். இந்த ஏற்பாட்டில் போலீசார் செய்தி சொல்பவர் மட்டுமே. தீர்ப்புச் சொல்பவர் அல்லர்.

ஏட்டில் இப்படி இருக்க, நடைமுறையில் பணக்காரர்கள் வேறொரு குறுக்கு வழியைக் கண்டுபிடித்தார்கள். அத்துமீறி நுழைதல் என்ற குற்றப் பிரிவே அது. இந்தியத் தண்டனைச் சட்டத்தில் 441-ஆம் பிரிவாக இருந்த அதுதான் 1871-இல் நீரிணைக் குடியேற்றங்களுக்கும் வந்தது. மலேசியாவிலும் சிங்கப்பூரிலும் தண்டனைச் சட்டத்தின் அதே எண்ணில் அமைந்தது. பிறர் சுவாதீனத்தில் உள்ள இடத்தில், குற்றம் செய்யவோ மிரட்டவோ அவமதிக்கவோ தொல்லை கொடுக்கவோ எண்ணி நுழைவதும், முறையாக நுழைந்த பின் அந்த எண்ணத்தோடு தங்கியிருப்பதும் குற்றம். "என் இடத்தைக் காலி செய்யாமல் இருப்பதே எனக்குத் தொல்லைதானே!" என்று சொந்தக்காரர் பிராது கொடுத்தால் போதும், சிவில் வழக்குக்கு ஆகும் செலவும் காலமும் மிச்சம். கைவிலங்கே வெளியேற்றும் கட்டளையாகிவிடும்.

இந்தக் குறுக்கு வழியை அடைத்த வழக்கு நம் மக்களோடு நெருங்கிய தொடர்புடையது. இலங்கையில் ஒரு தோட்டம். அதில் வேலை செய்து அங்கேயே குடியிருந்த தமிழ்த் தொழிலாளி ஒருவருக்கு, வேலை முடிந்தது, இடத்தைக் காலி செய் என்று அறிவிப்புக் கொடுத்தார்கள். அவர் போகவில்லை. போக வேறு இடம் ஏது? அந்த லயத்து அறைதான் அவருக்கு வீடு. அத்துமீறித் தங்கிய குற்றத்துக்காக அவர் தண்டிக்கப்பட்டார். வழக்கு படிப்படியாக ஏறி இலண்டன் பிரிவி கவுன்சிலை அடைந்தது.

1950-இல் பிரிவி கவுன்சில் அத்தொழிலாளியின் பக்கம் தீர்ப்பளித்தது. தமக்குத் தங்கும் உரிமை உண்டென்று ஒருவர் மெய்யாகவே நம்பித் தங்கினால், அந்த நம்பிக்கை சட்டப்படி தவறாகவே இருக்கட்டும், அதனால் சொந்தக்காரருக்குத் தொல்லை ஏற்படும் என்று அவருக்குத் தெரிந்தே இருக்கட்டும், அது மட்டுமே குற்றமாகிவிடாது. அவருடைய முதன்மையான நோக்கம் தொல்லை கொடுப்பதா அல்லது தம் வீட்டில் தங்குவதா என்பதைத்தான் பார்க்க வேண்டும். முதன்மையான நோக்கம் தொல்லைதான், உரிமைப் பேச்சு வெறும் போர்வை என்பதை அரசுத் தரப்பு மெய்ப்பிக்க வேண்டும் என்று பிரபுக்கள் கூறினர்.

இத்தீர்ப்பு தொழிலாளிக்கு வீட்டைச் சொந்தமாக்கவில்லை என்பதையும் நாம் சொல்லியாக வேண்டும். சொந்தக்காரர் சிவில் நீதிமன்றம் சென்று அவரை வெளியேற்றியிருக்கலாம். ஆனால் நீதிமன்றம் செல்வதற்கும் போலீஸ் வண்டி வருவதற்கும் எவ்வளவு வேறுபாடு! ஒன்றில் நாள் குறிப்பார்கள், எதிர்வாதம் கேட்பார்கள், தவணை கிடைக்கும். மற்றொன்றில், பிள்ளைகள் பள்ளியிலிருந்து திரும்புவதற்குள் சட்டிபானைகள் தெருவில் கிடக்கும். கடல் கடந்து வந்து பிறர் மண்ணில் கட்டிய லயத்தில் மூன்று தலைமுறை வாழ்ந்த ஒரு சமூகத்துக்கு இந்த வேறுபாடு ஏட்டளவில் நிற்கும் ஒன்றன்று. மலாயாவில் 1950-ஆம் ஆண்டுகளில் தோட்டங்கள் துண்டாடப்பட்டுக் கை மாறியபோது இதே கேள்வி இங்கும் எழுந்தது. 1951 முதல் 1960 வரை நடந்த துண்டாடலைப் பற்றிப் பேராசிரியர் உங்கு அசீஸ் தனி ஆய்வே செய்தார். வேலை போனால் வீடும் போகும் என்பதே தோட்டத் தொழிலாளியின் நெடுநாளைய அச்சம்.

மலேசியச் சட்டம் இதில் எங்கே நிற்கிறது? நம் குற்றவியல் நடைமுறைச் சட்டம் இந்தியத் தொகுப்பின் தம்பி. அங்கே 145-ஆம் பிரிவு செய்த வேலையை இங்கே 99-ஆம் பிரிவு செய்கிறது. நிலத்தின் சொந்தம் பற்றிய கேள்விக்கு வேறொரு வழி உண்டு. ஆஸ்திரேலியாவில் தோன்றிய டோரன்ஸ் முறைப்படி, பதிவேட்டில் இருக்கும் பெயரே உரிமையைக் காட்டும். 1966-ஆம் ஆண்டின் முதல் நாளன்று நடைமுறைக்கு வந்த தேசிய நிலச் சட்டமும் அம்முறையையே கொண்டது. பதிவேடு இவ்வளவு தெளிவாக இருப்பதாலேயே, கிராண்டைக் காட்டினால் போலீசார் வெளியேற்றிவிடுவார்கள் என்று பலர் நினைக்கிறார்கள். அது சரியன்று. கிராண்டு, நீதிமன்றத்தில் காட்டவேண்டிய பத்திரம். தெருவில் வீசவேண்டிய ஆயுதமன்று.

சட்ட வழிக்குப் புறம்பாக வெளியே தள்ளப்பட்டவர் மீண்டும் சுவாதீனம் கேட்டு வழக்கிட, 1950-ஆம் ஆண்டின் குறிப்பிட்ட நிவாரணச் சட்டத்தில் 8-ஆம் பிரிவு இடந்தருகிறது. 1992-இல் அதே சட்டத்தின் 7-ஆம் பிரிவில் ஓர் உட்பிரிவு சேர்க்கப்பட்டது. வாடகைக் காலம் முடிந்த பின்னும் குடியிருப்பவர் வெளியேறாவிட்டால், நீதிமன்றத்தின் மூலமாக அல்லாமல் வேறு எந்த வழியிலும் அவரிடமிருந்து வீட்டைத் திரும்பப் பெறக் கூடாது என்று அது கூறுகிறது. பூட்டை மாற்றுவதும், கூரையைப் பிரிப்பதும் சொந்தக்காரருக்குக் கூடாதவை. அவருக்கே கூடாததைப் போலீசார் அவருக்காகச் செய்வது எப்படிப் பொருந்தும்?

இந்தப் பாதுகாப்பு எல்லாருக்கும் ஒரே அளவில் கிடைப்பதில்லை. வாடகைதாரர் அல்லாமல், காலியாகக் கிடந்த நிலத்தில் புகுந்து குடியேறியவரின் நிலை மிகவும் மெலிந்தது. பேராக் மாநிலத்தில் காட்டைத் திருத்திக் குடியேறியவர்கள் தொடுத்த வழக்கில், அத்தகையோருக்குச் சட்டத்திலும் சமநீதியிலும் உரிமை இல்லை என்று மலேசியக் கூட்டரசு நீதிமன்றம் 1982-இல் கூறிவிட்டது. காட்டை வெட்டித் தோட்டமாக்கிய கைகளுக்கு இது கசப்பான தீர்ப்பு என்பதை நாம் மறைக்க வேண்டியதில்லை. இங்கிலாந்திலும் காற்று மாறியது. 1381-ஆம் ஆண்டுச் சட்டம் 1977-இல் நீக்கப்பட்டு, வன்முறையால் நுழைவதைத் தடுக்கும் புதிய பிரிவுகள் வந்தன. 2012-இல், குடியிருப்பு வீட்டில் அத்துமீறிப் புகுந்து வசிப்பதே நேரடிக் குற்றமாக்கப்பட்டது. முன்பு சிவில் நீதிமன்றம் பார்த்துவந்த தகராறுகளில் ஒரு பகுதி அங்கே போலீசாரின் கைக்குப் போயிற்று.

இந்தியாவில் 145-ஆம் பிரிவே சில நேரங்களில் தொல்லையாக மாறியது. சிவில் வழக்கில் தோற்றவர் மாஜிஸ்திரேட்டிடம் ஓடி மறுபடியும் தகராறைக் கிளப்புவார். சிவில் நீதிமன்றம் சொத்து விவகாரத்தைக் கையில் எடுத்துக்கொண்ட பின், அதற்கு இணையாக இந்த நடவடிக்கை நடக்கத் தேவையில்லை என்று இந்திய உச்ச நீதிமன்றம் 1985-இல் தீர்ப்பளித்தது. தமிழ்நாட்டில் காவல் நிலையத்தில் இரு கட்சியாரையும் உட்கார வைத்துச் சொத்தைப் பங்கு போடுவதற்குக் கட்டைப் பஞ்சாயத்து என்று மக்களே பெயர் வைத்திருக்கிறார்கள். பெயரிலேயே அதன் தகுதி தெரிகிறது. 1973-ஆம் ஆண்டுத் தொகுப்புக்குப் பதிலாக 2024 ஜூலை முதல் நாளன்று புதிய தொகுப்பு நடைமுறைக்கு வந்தபோது, 145-ஆம் பிரிவு 164 என்ற புதிய எண்ணைப் பெற்றது. உள்ளடக்கம் பெரிதும் பழையதே.

இன்னொரு பக்கத்தையும் பார்க்க வேண்டும். "இது சிவில் விவகாரம், நாங்கள் தலையிட முடியாது" என்று சொல்லி, கண் முன்னே கத்தி தூக்கப்படும்போதும் போலீசார் திரும்பிப் போவதுண்டு. அறுநூறு ஆண்டு வரலாறு அவர்களுக்கு அந்தச் சாக்கைக் கொடுக்கவில்லை. அடிதடியைத் தடுப்பதும், மிரட்டியவர் மீதும் கதவை உடைத்தவர் மீதும் நடவடிக்கை எடுப்பதும், குலையப் போகும் அமைதியைப் பற்றி மாஜிஸ்திரேட்டுக்குத் தெரிவிப்பதும் அவர்கள் கடமை. சொந்தம் யாருக்கு என்று முடிவு செய்வதுதான் அவர்களுக்கு விலக்கப்பட்ட வேலை.

நம் நாட்டில் எந்தத் தகராறுக்கும் முதலில் ஒரு போலீஸ் ரிப்போர்ட் செய்துவைக்கும் பழக்கம் உண்டு. அதில் தவறில்லை. ரிப்போர்ட் செய்ததனாலேயே நிலம் தம் பக்கம் வந்துவிட்டதாக நினைப்பதுதான் தவறு. அந்தத் தாளில் நாளும் மணியும் இருக்கும். அன்று அந்த வீட்டில் யார் குடியிருந்தார், யார் ஆட்களோடு வந்தார் என்பதை அப்போதே சொன்னதற்கு அது அடையாளமாக இருக்கும். பின்னர் வழக்கு நடக்கும்போது வழக்கறிஞர் முதலில் கேட்பதும் அதைத்தான். ஆகவே அதன் நகல் ஒன்றை வாடகைச் சீட்டுகளோடும் மின்சாரக் கட்டண ரசீதுகளோடும் சேர்த்துப் பத்திரப்படுத்தி வைப்பது நல்லது.